ஃபில்டர் மூடிக்கு எந்த போல்ட்: 304, 316, ஜி.ஐ., பித்தளை?

பொள்ளாச்சித் தென்னந்தோப்புக்குள் இருக்கும் பண்ணை விடுதியாகட்டும், சரவணம்பட்டி அடுக்குமாடியாகட்டும், நீச்சல் குளம் இருந்தால் பம்ப் ரூமுக்குள் ஒரு மணல் ஃபில்டரோ கார்ட்ரிட்ஜ் ஃபில்டரோ நிற்கும். அதன் மூடியை ஆறோ எட்டோ போல்ட்டுகள் பிடித்திருக்கும், இல்லையென்றால் ஒரு கிளாம்ப், அதாவது சுற்றி இறுக்கும் பட்டை. கம்பெனி கொடுத்த போல்ட்டுகள் சில வருஷத்தில் துருவேறும், மணல் மாற்றும்போது ஒன்றிரண்டு தொலையும். மாற்றுப் போல்ட் வாங்கக் கடைக்குப் போகும்போதுதான் கேள்வி வருகிறது. எஸ்.எஸ்., அதாவது துருப்பிடிக்காத எஃகில், 304 ரகம் போதுமா, 316 ரகம் வேண்டுமா? துத்தநாகம் பூசிய இரும்பான ஜி.ஐ. போட்டால் என்ன கெட்டுவிடும்? பித்தளை தண்ணீருக்கு நல்லதுதானே?

என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பலத்தைப் பார்த்து எடுக்க வேண்டிய முடிவு இல்லை இது, விலையைப் பார்த்தும் இல்லை. குளத்துக்கு எந்தத் தண்ணீர் வருகிறது, ஃபில்டர் நிற்கும் அறைக்குள் வேறு என்னென்ன வைத்திருக்கிறீர்கள் என்ற இரண்டும் தெரிந்தால் போல்ட் தானாகவே முடிவாகிவிடும்.

பலத்தைப் பற்றிச் சொல்லக் காரணம் இருக்கிறது. கோயம்புத்தூர் பட்டறைப் பழக்கம் உள்ளவர்களுக்கு 'ஹை டென்சைல்', அதாவது 8.8 முத்திரை போட்ட அதிக பலமுள்ள எஃகு போல்ட் என்றால் தனி மரியாதை. "8.8 போட்டு உட்ருங்க, அசையவே அசையாதுங்க" என்பார்கள். லாரிக்கும் தறிக்கும் அது சரி. ஃபில்டர் மூடிக்குக் கணக்கே வேறு. மூடியின் விட்டம் 20 செ.மீ. என்று வைத்துக்கொள்வோம். பரப்பு சுமார் 314 சதுர செ.மீ. வருகிறது. பிரஷர் கேஜ் 15 பி.எஸ்.ஐ. காட்டினால் அது ஏறக்குறைய ஒரு பார். அப்போது உள்ளிருக்கும் தண்ணீர் மூடியை 320 கிலோ அளவுக்கு மேலே தள்ளுகிறது. எட்டு போல்ட்டுக்குப் பிரித்தால் ஆளுக்கு 40 கிலோ. கசிவை அடைக்கும் ரப்பர் வளையமான ஓரிங் அமுங்குவதற்கு வேண்டிய இறுக்கத்தையும் சேர்த்துக் கொள்ளுங்கள், இன்னும் கொஞ்சம் கூடும், அவ்வளவுதான். 'ஏ2-70' முத்திரை உள்ள சாதாரண 304 எம்8 (8 மி.மீ. தடிமன்) போல்ட் ஒன்று, இழுபட்டு நீளத் தொடங்குவதற்கு முன்பே ஒன்றரை டன்னுக்கு மேல் தாங்கும். ஆக, கடையில் கிடைக்கும் எந்த நல்ல போல்ட்டும் இந்த வேலைக்குத் தேவைக்கு மேல் பலமானதுதான். முதலில் உடையப்போவது மூடியின் பிளாஸ்டிக்கோ ஃபைபர் விளிம்போதான். துத்தநாகப் பூச்சுப் போட்ட 8.8 போல்ட்டைக் குளோரின் வாடை வீசும் அறையில் போட்டால், பூச்சு போய்த் தலை செதில் செதிலாக உரியத் தொடங்கும். அதற்குப் பிறகு எத்தனை டன் தாங்கும் என்ற பேச்சுக்கே அர்த்தம் இல்லை.

அதனால் ஜி.ஐ.யை இங்கேயே ஓரம் கட்டிவிடலாம். பம்ப்பைத் தரையில் நிறுத்தும் பவுண்டேஷன் போல்ட், குழாய் தாங்கும் பிராக்கெட் இவற்றுக்கு ஜி.ஐ. போதும். அழுத்தம் தாங்கும் மூடிக்கு வேண்டாம். இன்னொன்று, எட்டில் ஏழு எஸ்.எஸ். இருக்க ஒன்றை மட்டும் ஜி.ஐ. போட்டு ஒப்பேற்றுவார்கள். எஸ்.எஸ். கிளாம்ப்பிலோ எஸ்.எஸ். வளையத்திலோ அந்த ஒற்றை ஜி.ஐ. போல்ட் தொட்டுக்கொண்டு ஈரத்தில் இருந்தால், சுற்றி உள்ளது எல்லாம் பளபளவென்று இருக்கும்போது அது மட்டும் வேகமாக அரித்துப் போகும். இரண்டு உலோகம் ஈரத்தில் சேர்ந்தால் மட்டமானது தன்னைத் தின்னக் கொடுக்கும். அதுவும் அளவில் சின்னதாக இருந்துவிட்டால் இன்னும் வேகம்.

சிறுவாணியா, பல்லடம் போரா?

மீதி இருப்பது 304க்கும் 316க்கும் இடையிலான போட்டி. 304இல் குரோமியம் சுமார் 18 சதவீதம், நிக்கல் சுமார் 8 சதவீதம். 316இல் நிக்கல் கொஞ்சம் கூடுதல், அதோடு 2 முதல் 3 சதவீதம் மாலிப்டினம். வித்தியாசத்தின் சாரம் அந்த மாலிப்டினம்தான். எஸ்.எஸ். மேல் கண்ணுக்குத் தெரியாத ஒரு ஆக்சைடு படலம் இருக்கிறது. அதைக் குத்திக் குத்தி ஓட்டை போடுவது குளோரைடு, அதாவது உப்பு. மாலிப்டினம் இருந்தால் அந்தக் குத்தலை அதிக நேரம் தாங்கும்.

துறைக்காரர்கள் வைத்திருக்கும் தோராயக் கணக்கு இது: சாதாரண வெப்பத்தில் தண்ணீரில் குளோரைடு லிட்டருக்கு 200 மில்லிகிராம் வரை 304 தாங்கும், 1000 வரை 316 தாங்கும். இதைக் குடிநீருக்கான இந்தியத் தர நிர்ணயம் ஐ.எஸ். 10500 சொல்வதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். அதில் குளோரைடுக்கு ஏற்கத்தக்க அளவு 250, வேறு தண்ணீர் இல்லாத இடத்தில் 1000 வரை. அதாவது நாம் குடிக்கலாம் என்று விதி சொல்லும் தண்ணீரே 304 போல்ட்டுக்கு ஒத்துவராமல் போகலாம்.

இப்போது நம் ஊர்களை நினைத்துக் கொள்ளுங்கள். சிறுவாணித் தண்ணீர் நிரப்பும் குளத்துக்குத் தொடக்கத்தில் உப்பே பெரிதாக இல்லை. பல்லடம், அவிநாசி, காங்கேயம் பக்கம் ஆழ்துளைக் கிணற்று நீரில் பல இடங்களில் துணி துவைத்தால் நுரைகூட வராது. திருப்பூரைத் தாண்டி நொய்யல் கரையோரம் கேட்கவே வேண்டாம். சாயம் ஏற்ற வண்டி வண்டியாக உப்பு போட்ட பட்டறைகளின் கழிவு ஆண்டுக்கணக்காக ஆற்றில் ஓடி, ஒரத்துப்பாளையம் அணை வரைக்கும் தேங்கியது. 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொல்லும் அளவுக்கு விஷயம் போனது. நிலத்தடிக்கு இறங்கிய உப்பு ஒரு உத்தரவில் மறைந்துவிடாது. அந்தப் பகுதியில் போர் தண்ணீரால் குளம் நிரப்புகிறவர்கள் டி.டி.எஸ். (கரைந்திருக்கும் எல்லாவற்றின் மொத்த அளவு) மட்டும் பார்த்தால் போதாது, ஆய்வகத்தில் குளோரைடு எவ்வளவு என்று தனியாகக் கேட்டு வாங்க வேண்டும்.

நல்ல தண்ணீரில் தொடங்கினாலும் கதை அங்கே நிற்பதில்லை. ஊற்றும் குளோரின் எந்த வடிவில் இருந்தாலும், அழுக்கோடும் வெயிலோடும் போராடி முடித்தபின் பெரும்பாலும் குளோரைடாகக் குளத்திலேயே தங்கிவிடும். சித்திரை வெயிலில் தண்ணீர்தான் ஆவியாகும், உப்பு ஆவியாகாது. மேலே மேலே போர் தண்ணீரை நிரப்பிக்கொண்டே போனால் உப்பும் ஏறிக்கொண்டே போகும். பேக்வாஷ் செய்து, அதாவது ஃபில்டரில் தண்ணீரைத் திருப்பி விட்டுக் கழுவி, வெளியேற்றுவதும் மழையும்தான் கொஞ்சம் குறைக்கும். உப்பிலிருந்து குளோரின் உண்டாக்கும் சால்ட் குளோரினேட்டர் வைத்த குளம் என்றால் லிட்டருக்கு 3000 முதல் 4000 மில்லிகிராம் உப்பை நாமே கொட்டுகிறோம். அங்கே 304ஐ எடுத்துக்கொண்டு வருபவரை வாசலிலேயே திருப்பி அனுப்பலாம். 316க்குக்கூட அந்த அளவு அதிகம்தான், ஆனால் கைக்கெட்டும் விலையில் அதற்கு மேல் நல்ல தேர்வு இல்லை.

"மூடி போல்ட் தண்ணிக்கு வெளியிலதானே இருக்கு?" என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஓரிங் நன்றாக அமர்ந்திருந்தால் போல்ட் ஈரமே பார்க்காது. ஆனால் லேசாகக் கசியத் தொடங்கினால், ஒவ்வொரு சொட்டும் வாசருக்கு அடியில் போய் உட்கார்ந்து காய்ந்து உப்பை மட்டும் விட்டுப்போகும். அடுத்த சொட்டு அதன்மேல். குளத்தில் 500 இருக்கும் குளோரைடு அந்த இடுக்கில் பல மடங்கு கூடிவிடும். காற்று புகாத அந்த இடுக்கில்தான் எஸ்.எஸ்.ஸும் அரிக்கிறது. ஒரு போல்ட் மட்டும் பழுப்பேறி மற்றவை சுத்தமாக இருந்தால், போல்ட் மட்டம் என்று கடைக்காரரைத் திட்டுவதற்கு முன் அந்தப் பக்கம் ஓரிங்கைப் பாருங்கள்.

அறைக்குள் இருக்கும் எதிரி

தண்ணீரைவிட மோசமானது பல இடங்களில் பம்ப் ரூம்தான். தரைக்குக் கீழே குழி மாதிரி கட்டி, ஒரு இரும்புக் கதவு போட்டு, உள்ளே குளோரின் மாத்திரை டிரம்மையும் பி.எச். குறைக்கும் ஆசிட் கேனையும் வைத்துப் பூட்டிவிடுவார்கள். முதலில், அவை இரண்டும் பக்கத்தில் இருக்கவே கூடாது. சேர்ந்தால் நச்சு வாயு வரும். மூடி சரியாகப் போடாத ஆசிட் கேனிலிருந்து வரும் புகை ஒன்றே போதும், அறையில் உள்ள 304, 316, மோட்டார் டெர்மினல், கதவு கீல் எதையும் விடாது. அந்த அறையில் 316 வாங்கிப் போடுவது வீண் செலவு. கேன்களை வெளியே ஒரு நிழலுக்கு மாற்றி, அறைக்குக் காற்றோட்டம் வைத்தால் 304கூட நாள்பட வரும்.

எஸ்.எஸ். என்றால் அரித்தாலும் கண்ணுக்குத் தெரியும் என்றும் நம்ப வேண்டாம். 1985இல் சுவிட்சர்லாந்தின் ஊஸ்டர் நகரத்தில் உள்ளரங்க நீச்சல் குளம் ஒன்றின் கான்கிரீட் கூரை இடிந்து 12 பேர் இறந்தார்கள். கூரையைத் தாங்கிய எஸ்.எஸ். கம்பிகள், குளோரின் கலந்த காற்றில் இழுவிசையோடு இருந்தே விரிசல் விட்டிருந்தன. நம் ஃபில்டர் மூடி அத்தனை பெரிய சமாச்சாரம் இல்லை. ஆனால் மூடிய குளோரின் அறையில் முறுக்கி வைத்த பழைய போல்ட்டைத் துடைத்துப் பார்த்து 'பளபளன்னு இருக்கு' என்று மறுபடி போடுவதில் எனக்கு உடன்பாடில்லை. மணல் மாற்றும்போது போல்ட்டையும் மாற்றுங்கள். எட்டு 316 போல்ட்டின் விலை ஒரு டிரம் மாத்திரை விலையில் சின்னப் பங்குதான்.

கடையில் கேட்பது எப்படி

"எஸ்.எஸ். போல்ட் குடுங்க" என்று மட்டும் கேட்டால் என்ன வரும் என்று சொல்ல முடியாது. கேட்டுக்கும் கைப்பிடிக்கும் போகும் 202 ரகம் சந்தையில் நிறையப் புழங்குகிறது. நிக்கலைக் குறைத்து மாங்கனீசு சேர்த்தது, குளோரைடுக்கு 304ஐவிடவும் சீக்கிரம் பணிந்துபோகும். காந்தம் வைத்துப் பார்க்கும் பழக்கம் இங்கே பெரிய உதவி செய்யாது. 304ம் 316ம் இரண்டுமே காந்தத்தில் ஒட்டாத ரகம். குளிர்நிலையில் அடித்து உருவாக்கிய தலையில் 304 லேசாக ஒட்டவும் செய்யும். போல்ட் தலையைப் பாருங்கள்: 'ஏ2-70' என்று பொறித்திருந்தால் 304 வகை, 'ஏ4-70' அல்லது 'ஏ4-80' என்றிருந்தால் 316 வகை. தலையில் ஒன்றுமே இல்லாத போல்ட்டை 316 என்று சொல்லி விற்றால், மாலிப்டினம் சோதிக்கும் சொட்டு மருந்து இருக்கிறதா என்று கேளுங்கள். எஸ்.எஸ். குழாய் விற்கும் பெரிய கடைகளில் வைத்திருப்பார்கள்.

பித்தளை பற்றி ஒரு வார்த்தை. போல்ட்டாகப் பித்தளை வேண்டாம். குளோரின் தண்ணீரில் துத்தநாகம் கரைந்து, சிவந்து, பஞ்சு போலப் பலவீனமாகும். ஆனால் எஸ்.எஸ். ஸ்டட்டின் (தலையில்லாத மரைக்கம்பி) மேல் பித்தளை நட்டு என்பது நல்ல ஜோடி. காரணம், எஸ்.எஸ். போல்ட்டும் எஸ்.எஸ். நட்டும் ஒன்றோடொன்று உரசி மரை பிடித்துக்கொள்ளும் குணம் உள்ளவை. பாதி முறுக்கியதும் அசையாமல் நின்றுவிடும், கழற்றவும் வராது, கடைசியில் அறுத்துத்தான் எடுக்க வேண்டும். பேட்டரி இம்பாக்ட் மெஷினால் சர்ரென்று முறுக்குகிறவர்களுக்கு இது இன்னும் சீக்கிரம் நடக்கும், வேகத்தில் சூடாவதால். நைலான் வளையம் உள்ள லாக் நட்டிலும் அப்படியே. பித்தளை நட்டு கிடைக்காவிட்டால் மரையில் நிக்கல் கலந்த ஆன்டி-சீஸ் பசை கொஞ்சம் தடவி, கையால் மெதுவாக முறுக்கினால் போதும். டெஃப்லான் டேப் குழாய் மரைக்கு, போல்ட்டுக்கு அல்ல. மரை பூட்டும் திரவப் பசையை ஏ.பி.எஸ்., பாலிகார்பனேட் பக்கம் கொண்டுபோகவே வேண்டாம், அது பிளாஸ்டிக்கில் விரிசல் விட வைக்கும்.

அடுத்தது மரை அளவு. இதில்தான் நல்ல போல்ட் வாங்கியும் ஃபில்டரைக் கெடுப்பது நடக்கிறது. ஐரோப்பிய, சீன, உள்ளூர் ஃபில்டர்களில் பெரும்பாலும் மில்லிமீட்டர் மரை. அமெரிக்க ஃபில்டர் என்றால் இன்ச் மரையாக இருக்கலாம். நம் கடைகளில் 'ரெண்டரை நூல்' என்று சொல்லும் 5/16 இன்ச் போல்ட்டின் தடிமன் 7.94 மி.மீ., எம்8க்குக் கண்ணால் பார்த்தால் அண்ணன் தம்பிதான். ஆனால் எம்8இல் மரைக்கு மரை 1.25 மி.மீ., 5/16இல் 1.41 மி.மீ. இரண்டு மூன்று சுற்று ஒழுங்காகப் போகும், அப்புறம் இறுகும். இறுகுவதைப் பார்த்து 'சரியா பிடிச்சிருச்சு' என்று ஸ்பானரைப் போட்டால், மூடி விளிம்புக்குள் பதித்திருக்கும் பித்தளை மரைக்குழல் பிய்ந்து வரும். ஃபைபர் உடம்பில் அதைச் சரிசெய்வது சிரமமான வேலை. எம்10க்கும் மூணு நூலுக்கும் இதே சண்டை. பழைய போல்ட் ஒன்றைக் கையில் எடுத்துப் போய், புதியதைப் பக்கத்தில் வைத்து மரையோடு மரை படிகிறதா என்று வெளிச்சத்தில் பார்ப்பதுதான் எல்லாவற்றையும் விட நம்பகமான சோதனை.

நீளமும் அப்படித்தான். ஒரு பக்கம் மூடிய மரைக்குழலில் அரை அங்குலம் நீளமான போல்ட்டைப் போட்டால், அது அடியில் போய் முட்டி நிற்கும். கைக்கு இறுகிவிட்டது போலத் தெரியும், மூடியோ அமுங்கியிருக்காது. கேஜ் ஏறியதும் அந்தப் பக்கம் தண்ணீர் பீய்ச்சும். குட்டையான போல்ட் என்றால் இரண்டு மரையில் மொத்தப் பாரமும் தொங்கும்.

முறுக்கும் வேலை

ஓரிங் அமரும் பள்ளத்தில் ஒரு மணல் துகள்கூட இருக்கக் கூடாது. தடவுவது சிலிக்கான் கிரீஸ் மட்டும். கையில் இருக்கிறதே என்று வண்டி கிரீஸையோ வாசலினையோ தடவினால், ஓரிங்கின் ஈ.பி.டி.எம். ரப்பர் உப்பி உருமாறும். போல்ட் எல்லாவற்றையும் முதலில் விரலால் போட்டு, அகலமான வாசரோடு, எதிரெதிராக முறுக்கி வாருங்கள்: 12 மணிப் பக்கம் ஒன்று, பிறகு 6 மணி, 3 மணி, 9 மணி. இரண்டு மூன்று சுற்றில் கொஞ்சம் கொஞ்சமாக. எவ்வளவு இறுக்கம் என்பதைக் கம்பெனி கையேடு சொல்லும், அது பிளாஸ்டிக்கைப் பொறுத்தது. போல்ட் அட்டவணையில் எம்8க்குப் போட்டிருக்கும் டார்க்கை (முறுக்கு விசையை) இங்கே கொண்டுவந்தால் விளிம்பு கிழியும். கையேடு தொலைந்துவிட்டால், எம்8க்கு 13 ஸ்பானரைத் தலைக்குப் பக்கத்தில் குட்டையாகப் பிடித்து முறுக்குங்கள். ஸ்பானருக்குப் பின்னால் பைப் சொருகும் ஆளை அறைக்கு வெளியே நிறுத்துங்கள்.

ஃபில்டரில் தண்ணீர் போகும் வழியை மாற்றும் மல்டிபோர்ட் வால்வின் மேல்மூடி ஸ்க்ரூக்களில் சில மாடல்களில் மரை நேராக பிளாஸ்டிக்கிலேயே இருக்கும். அங்கே ஸ்க்ரூவை முதலில் இடப்பக்கமாகத் திருப்பினால் ஒரு இடத்தில் 'டக்' என்று இறங்கும். பழைய மரை அங்கே தொடங்குகிறது. அதிலிருந்து வலப்பக்கம் முறுக்கினால் புது மரை வெட்டாது, பழைய மரையிலேயே போகும்.

போல்ட் மூடியா, கிளாம்ப்பா?

புதிதாக ஃபில்டரே வாங்கப் போகிறவர்களுக்கு இந்தத் தேர்வும் இருக்கிறது. எட்டு போல்ட் மூடி திறக்க நேரமெடுக்கும், ஆனால் ஒன்று பழுதானாலும் மற்ற ஏழு பிடித்திருக்கும். உதிரி எந்த ஊரிலும் கிடைக்கும். மணல் ஃபில்டரை வருஷக்கணக்கில் திறக்கப் போவதில்லை என்பதால், மணலுக்கு நான் போல்ட் மூடியையே சொல்வேன். கார்ட்ரிட்ஜை அடிக்கடி எடுத்துக் கழுவ வேண்டும், அங்கே ஒற்றை நட்டுக் கிளாம்ப் வசதி. ஆனால் அந்த வசதிக்குப் பின்னால் உள்ள கணக்கைத் தெரிந்துகொள்ளுங்கள். உடம்பின் நடுவில் இரண்டாகப் பிரியும் 50 செ.மீ. ஃபில்டரில் ஒரு பார் அழுத்தத்துக்கே மேல்பாதியை இரண்டு டன் தள்ளுகிறது. அத்தனையையும் ஒரே போல்ட்டில் இறுக்கிய ஒரே பட்டைதான் தாங்குகிறது. அந்தப் போல்ட், ஸ்பிரிங், நட்டு மூன்றையும் கம்பெனி உதிரியாக மட்டும் வாங்குங்கள். இங்கே 316 போட்டிருக்கிறேன், 8.8 போட்டிருக்கிறேன் என்ற சமாதானம் எதுவும் செல்லாது. இறுக்கும்போது ரப்பர் சுத்தியலால் பட்டையைச் சுற்றித் தட்டிக்கொண்டே வந்தால் சமமாக உட்காரும். விளிம்பு எங்காவது நெளிந்திருந்தால் அந்தப் பட்டையை எடைக்குப் போட்டுவிடுங்கள்.

எந்த மூடியானாலும் ஆபத்து தண்ணீரால் அல்ல, மேலே மாட்டிக்கொண்ட காற்றால். தண்ணீர் ஒரு சொட்டுக் கசிந்தால் அழுத்தம் இறங்கிவிடும். அமுங்கிய காற்று அப்படியில்லை, பிடி விட்டதும் மொத்தமாக விரிந்து மூடியைத் தூக்கி எறியும். அதனால் திறக்கும் முன் காற்று வால்வைத் திறந்து கேஜ் பூஜ்யத்துக்கு வந்ததைப் பார்க்க வேண்டும். மூடியபின் அதே வால்வைத் திறந்து வைத்தே பம்ப்பைப் போட்டு, காற்று போய்த் தண்ணீர் பீய்ச்சிய பிறகுதான் அடைக்க வேண்டும். பம்ப் ஓடும்போது கசிகிறதே என்று நட்டின் மேல் ஸ்பானர் வைக்கவே கூடாது.

தோட்டத்துப் பூல்களில் இன்னொரு விஷயம் உண்டு. கிணற்று மோட்டாருக்கு வைத்த பழக்கத்தில் பூல் பம்ப்புக்கும் ஆட்டோ ஸ்டார்ட்டர் மாட்டியிருப்பார்கள். கரண்ட் இல்லாத நேரம் பார்த்து ஃபில்டரைத் திறப்பார்கள், பாதி போல்ட் கழற்றியிருக்கும்போது கரண்ட் வந்து மோட்டார் தானாக ஓடத் தொடங்கும். ஸ்பானரைத் தொடும் முன் மெயினை இறக்கி ஃபியூஸ் கேரியரைப் பிடுங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொள்ளுங்கள். வேலை முடித்து ஒரு வாரம் ஓடியதும், பம்ப்பை நிறுத்தி, அழுத்தத்தை இறக்கி, எட்டு போல்ட்டையும் அதே எதிரெதிர் வரிசையில் ஒருமுறை தொட்டுப் பாருங்கள். ஓரிங் படிந்ததில் ஒன்றிரண்டு கால் சுற்று கேட்கும்.